நிலைமை: ஏழாங்கட்டுக்குள் போகிறவர்கள் கேட்கும் கேள்விகள்

காரைக்குடிக்குப் பக்கத்து ஊர் ஒன்றில், நண்பனுடைய பூர்வீக வீட்டுப் பட்டாலைக் கூடத்தில் உட்கார்ந்து விடுமுறை நாட்களில் நாங்கள் ஆடும் கதை விளையாட்டுக்கு 'ஏழாங்கட்டு' என்று பெயர். ஒருவர் கதை சொல்வார். மற்றவர்கள் கதைக்குள் ஆளுக்கொரு வேடத்தில் இருந்து, அடுத்து என்ன செய்கிறோம் என்று சொல்வார்கள். செய்தது பலித்ததா இல்லையா என்பதைத் தாயக்கட்டை சொல்லும்.

கதை சொல்கிறவன் நான்தான். புதிதாக வருகிறவர்கள் பேய் பிசாசு பற்றி எதுவும் கேட்பதில்லை. எல்லாரும் கதையில் வருகிற 'நிலைமை' என்ற மையைப் பற்றித்தான் கேட்கிறார்கள், அதுவும் ஆட்டம் சூடு பிடிக்கிற நேரம் பார்த்து. எழுதி வைத்துவிட்டால் தொண்டைத் தண்ணீராவது மிஞ்சும். கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளைப் போட்டிருக்கிறேன்.

அண்ணே, ஏழாங்கட்டுன்னா என்ன? நிஜமாவே அப்படி ஒன்னு இருக்கா?

செட்டிநாட்டு வீட்டுக்குள் போய் வந்தவர்களுக்குச் சட்டென்று புரியும், அங்கே வீட்டின் ஒவ்வொரு பகுதிக்கும் கட்டு என்று பெயர். தெருவில் முகப்பு, உள்ளே பட்டாலை, அப்புறம் வளவு என்கிற வானம் பார்த்த முற்றம், அதைத் தாண்டி இரண்டாம் கட்டு, மூன்றாம் கட்டு, அடுப்படி, கடைசியில் பின்வாசல். முகப்பு ஒரு தெருவில் இருக்கும். பின்வாசல் அடுத்த தெருவில் திறக்கும். நிலைக்கு நேராக நிலை வைத்துக் கட்டியிருப்பதால் முகப்பில் நின்றாலே பின்வாசல் வெளிச்சம் தெரியும்.

கதையில் அந்தப் பின்வாசல் சில ராத்திரிகளில் தெருவில் திறக்காது, இன்னொரு கட்டில் திறக்கும். அதற்கும் பின்னால் இன்னொரு கட்டு. ஆறாவது வரை கணக்கு ஒத்துப்போகும். ஏழாவதில் அறைகள் இடம் மாற ஆரம்பித்துவிடும். நீங்கள் நுழைந்த கதவு, திரியைத் தூண்டிவிட்டுத் திரும்புவதற்குள் கிணற்றடிக்குப் போகிற கதவாகியிருக்கும்.

நிஜத்தில் இருக்கிறதா என்றால், நண்பன் வீட்டில் பாதி அறைகளின் சாவி பங்காளிகளோடு வெவ்வேறு ஊரில் இருக்கிறது. பிறந்ததிலிருந்து அவனே உள்ளே போகாத அறைகள் உண்டு. பூட்டின கதவுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று ஒரு மழை நாளில் பேசிக்கொண்டிருந்தோம். அங்கே ஆரம்பித்தது இது.

நிலைமைன்னு ஏன் பேரு? 'நிலைமை சரியில்லை'ன்னு சொல்றோமே, அதுவா?

நிலை, மை, இரண்டையும் சேர்த்துப் படியுங்கள். ஆடுகிற இடத்தை நிலைக்க வைக்கிற மை. ஏழாங்கட்டில் ஓர் இடத்தை ஓலையில் குறித்து, அந்தக் குறி மேல் இந்த மையைத் தடவினால் அந்த இடம் அப்புறம் நகராது. அங்கே வழி கண்டுபிடிக்க வேறு உபாயமே இல்லை.

கதவைத் தாங்குகிற மரச்சட்டத்துக்கும் நிலை என்றுதான் பெயர். அது ஏன் முக்கியம் என்பது கறை பற்றிய கேள்வி வரும்போது தெரியும். முதலிலேயே சொன்னால் சுவாரசியம் போய்விடும்.

என்னப்பா, வீட்டுக்குள்ள மை வச்சு என்னமோ பண்றீங்களாம்? இதெல்லாம் நல்லதுக்கா?

கேட்டது நண்பனுடைய அப்பத்தா. அவர் சந்தேகம் நியாயமானதுதான். நம் பக்கம் மை என்றாலே, களவு போனதைக் கண்டுபிடிக்க வெற்றிலையில் மை போட்டுப் பார்ப்பதும், வசிய மையும், புதையல் காட்டும் பாதாள அஞ்சனமும்தான் ஞாபகம் வரும். அந்த நம்பிக்கைகளிலிருந்துதான் கதைக்கான மையை எடுத்தேன், மறைக்கவில்லை. ஆனால் மேஜை மேல் இருப்பது விளக்குக்கரியும் நல்லெண்ணெயும். குழந்தைக்குக் கண்மை கூட்டுவது போலத்தான்.

அப்பத்தாவிடம் இதைச் சொன்னேன். "கரிதானா? அப்ப தரையில சிந்தாம ஆடுங்க. ஆத்தங்குடிக் கல்லு" என்றார். அது ஒரு விதியாகவே ஆகிவிட்டது: மைக்கு அடியில் எப்போதும் ஒரு மங்குத் தட்டு இருக்க வேண்டும்.

கதைக்குள்ள அந்த மை எப்படி இருக்கும்? எதுல பண்ணது?

சித்த மருத்துவத்தில் பாதரசத்தை ஓடாமல், ஆவியாகாமல் இறுக வைப்பதை ரசக்கட்டு என்பார்கள். கட்டு என்ற சொல் வீட்டுக்கும் பொருந்துகிறது, ரசத்துக்கும் பொருந்துகிறது என்று கவனித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. கதையில் நிலைமை என்பது பாதி கட்டிய ரசம். முழுக்கக் கட்டினால் மணியாக இறுகிவிடும், தடவ முடியாது. கட்டாமல் விட்டால் ஓடிவிடும். கரிய நிறம், ஓரத்தில் வெள்ளி மினுக்கு, தொட்டால் ஐஸ் மாதிரிச் சில்லென்று இருக்கும், பயங்கர கனம்.

அந்தக் கனத்தை எல்லாரும் குறைத்தே நினைக்கிறார்கள். பாதரசம் தண்ணீரைப் போல 13.6 மடங்கு கனம். அரை லிட்டர் தண்ணீர் பாட்டிலில் நிரப்பினால் ஏறத்தாழ 6.8 கிலோ வரும். அதனால்தான் கதையில் யாரும் குடம் குடமாக மை சுமப்பதில்லை. ஒரு சின்னக் குப்பி, அவ்வளவுதான். ஆட்டத்தில் அந்தக் கனத்தை உணர வைக்க, பழைய மசிக்குப்பியில் சைக்கிள் கடை பால்ஸ் நிரப்பி வைத்திருக்கிறேன். முதல் தடவை தூக்குகிறவர் முகம் மாறுவதைப் பார்க்க வேண்டும்.

நிஜப் பாதரசம் கொஞ்சம் கொண்டு வந்தா இன்னும் நல்லாருக்கும்ல?

கூடாது. இதை மட்டும் சிரிக்காமல் சொல்கிறேன். ஒரு தம்பி, உடைந்த காய்ச்சல் மானியிலிருந்து எடுத்த மணிகளைத் தீப்பெட்டிக்குள் போட்டுக் கொண்டுவந்துவிட்டான். பட்டாலையில் திறந்தான், உருண்டு போய் இரண்டு கல்லுக்கு நடுவே இடுக்கில் விழுந்தது. ஒரு மானியில் இருப்பது ஒரு கிராம் பக்கம்தான். ஆனால் பாதரசம் சாதாரண வெப்பத்திலேயே ஆவியாகும். அந்த ஆவிக்கு நிறமும் இல்லை, வாசனையும் இல்லை. மூச்சோடு போய் நரம்பையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும்.

அன்று செய்தது இது: சின்னப் பிள்ளைகளை முதலில் வெளியே அனுப்பினோம். மின்விசிறியை நிறுத்தி ஜன்னல்களைத் திறந்தோம். துடைப்பத்தைத் தொடவே இல்லை, பெருக்கினால் இன்னும் பொடியாகச் சிதறும். இரண்டு கெட்டி அட்டையால் மணிகளை ஒன்றுசேர்த்து, மீதியை ஒட்டுநாடாவால் ஒற்றி எடுத்து, மூடி போட்ட பிளாஸ்டிக் டப்பாவில் அடைத்தோம். கையில் மோதிரமோ வளையலோ இருந்தால் கழற்றிவிட வேண்டும். பாதரசம் தங்கத்தோடு கலந்து ஒட்டிக்கொள்ளும். நகை அவ்வளவு புழங்குகிற வீட்டில் இது சின்ன விஷயமில்லை. மின்வேதியியலுக்கு மத்திய ஆராய்ச்சி நிலையமே இருக்கிற ஊர் காரைக்குடி. இந்த ஊர்ப் பிள்ளைகள் தீப்பெட்டியில் பாதரசம் தூக்கித் திரிவது அந்த ஊருக்கே அடுக்காது என்று அவனைக் கொஞ்சம் திட்டினேன்.

இந்த மாதிரி ஆபத்தான மையைக் கொடுத்து யாராவது வேலை வாங்குவாங்களா? நம்புற மாதிரி இல்லையே?

நம்பத்தான் வேண்டும். 1920-களில் அமெரிக்காவில், இருட்டில் ஒளிரும் கடிகார முகப்புகளுக்கு ரேடியம் கலந்த சாயம் பூசினார்கள். வேலை செய்த இளம்பெண்கள் தூரிகை முனையைக் கூர்மையாக்க உதட்டில் வைத்து நனைத்தார்கள், அப்படித்தான் அவர்களுக்குச் சொல்லித் தரப்பட்டது. பலருக்குத் தாடை எலும்பு அரித்துப் போனது, இறந்தும் போனார்கள். கதையில் மை தடவுகிறவர் விரலை நாக்கில் வைக்கக் கூடாது என்ற விதி அங்கிருந்து வந்தது.

யார் யாரா ஆடலாம்? மந்திரவாதி உண்டா?

மந்திரவாதி கிடையாது. பர்மாவிலும் மலாயாவிலும் இருந்த நகரத்தார் வட்டிக்கடைகளில் வேலைக்குப் படிநிலை உண்டு: மேலாள், அடுத்தாள், பெட்டியடிப் பையன். அதையே எடுத்துக்கொண்டேன். மேலாள் எங்கே போவது என்று முடிவு செய்வார். அடுத்தாள் மை தடவுவார். பெட்டியடிப் பையன் விளக்குப் பிடிப்பான், பேரேடும் அவன் கையில்தான். கடல் கடந்து தொழிலுக்குப் போவதை இந்தப் பக்கம் 'கொண்டுவிக்கப் போறது' என்பார்கள். நாங்கள் பின்வாசலைத் தாண்டுவதற்கும் அதையே சொல்கிறோம்.

பேரேட்டில் துளிக் கணக்கு இருக்க வேண்டும்: எத்தனை எடுத்துப் போனோம், எத்தனை செலவு, எத்தனை மீதி. திரும்பி வந்து ஐந்தொகை போட்டு, கணக்கு நேரான பிறகுதான் ஆட்டம் முடியும். ஒரு துளி குறைந்தால் அது எங்கேயோ யாரிடமோ இருக்கிறது என்று அர்த்தம்.

பேப்பர்ல வரையலாமே? ஓலை எதுக்கு, சும்மா பழமைக்கா?

பழமைக்காக இல்லை. ஓலையில் எழுத்தாணி கீறத்தான் செய்யும், மை இருக்காது. கீறின பிறகு விளக்குக்கரியை இலைச்சாற்றில் குழைத்து மேலே தடவித் துடைத்தால், கீறலுக்குள் மட்டும் கறுப்பு தங்கும், எழுத்து தெரியும். குழந்தைகளுக்கு ஏடு தொடங்கும்போது மையாடல் என்று சொல்வது இதிலிருந்துதான். ஆட்டத்துக்கு இது ரொம்ப வசதி. முதலில் கீறல், அப்புறம்தான் மை. கீறுவதற்கும் தடவுவதற்கும் நடுவே 'வேண்டாம், விட்டுவிடலாம்' என்று சொல்ல ஒரு நேரம் கிடைக்கிறது. பேப்பரும் பேனாவும் அந்த நேரத்தைத் தராது.

இன்னொன்று. பழைய ஓலைகளில் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைக்காமல் விட்டிருப்பார்கள், அழுத்திக் குத்தினால் ஓலை பொத்துப்போகும். நம் ஆட்டத்தில் ஒவ்வொரு இடமும் ஒரு புள்ளிதான். அதனால் குத்தாமல் சின்னச் சுழியாகக் கீற வேண்டும். நகரத்தார் கணக்கில் கல்யாணமான ஒரு குடும்பத்துக்கும் புள்ளி என்று பெயர். ஓர் அறை, ஒரு புள்ளி. எனக்கு இது பொருத்தமாகப் பட்டது.

ஒரு துளி வச்சா எவ்வளவு இடம் நிக்கும்?

ஒரு துளிக்கு ஒரு புள்ளி. அந்தப் புள்ளி நிற்கும், சுற்றியிருப்பது ஆடிக்கொண்டேதான் இருக்கும். இரண்டாவது வைத்தால் நடுவே ஒரு கோடு நிற்கும், கயிறு கட்டி நடக்கலாம். மூன்றாவது வைத்தால்தான் முக்கோணம், அதற்குள் இருக்கிறதெல்லாம் நின்றுவிடும்.

இது நான் கண்டுபிடித்ததில்லை. 1802-இல் வில்லியம் லாம்டன் என்ற ஆங்கிலேய அதிகாரி சென்னை பரங்கிமலைப் பக்கம் ஏறத்தாழ 12 கிலோமீட்டருக்கு ஒரு அடிக்கோடு அளந்தார். அதன் இரு முனையிலிருந்தும் கோணம் பார்த்து மூன்றாவது இடத்தைப் பிடித்து, முக்கோணத்தின் மேல் முக்கோணமாக நாட்டையே அளந்துகொண்டு போனார்கள். கோணம் பார்க்கும் கருவி அரை டன் கனம். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயில் கோபுரத்தில் ஏற்றும்போது கயிறு அறுந்து அடிபட்டுவிட்டது, லாம்டன் உட்கார்ந்து தானே தட்டி நிமிர்த்திச் சரிசெய்தார். நம் அடுத்தாள் கையிலும் அதே முறைதான். என்ன, அவர் அளந்த நிலம் நகரவில்லை.

ஒரு ஆட்டத்துக்கு ஒன்பது துளிதானா? பத்தாதே!

பத்தாதுதான். அதற்காகத்தான் ஒன்பது. வரிசையாக அடுக்கினால் ஒன்பது புள்ளியில் ஏழு முக்கோணம் கிடைக்கும். முதல் மூன்றுக்கு ஒன்று, அப்புறம் புள்ளிக்கு ஒன்று. அவ்வளவு இடம் அடுப்படி வரைக்கும்கூடப் போகாது.

தாயம் விழுந்தா நல்லதா? பன்னிரண்டு விழுந்தா என்ன?

மை தடவும் ஒவ்வொரு தடவையும் இரண்டு கட்டையையும் உருட்ட வேண்டும். ஒவ்வொரு பித்தளைக் கட்டையிலும் ஒன்று, இரண்டு, மூன்று புள்ளியும் ஒரு வெறும் முகமும் இருக்கும். தாயம், அதாவது ஒரு கட்டையில் ஒன்றும் மற்றதில் வெறும் முகமும் விழுந்தால், பக்கத்து அறையில் என்ன இருக்கிறது என்று நான் ஒரு வரி பொய்யில்லாமல் சொல்ல வேண்டும். இரண்டும் வெறும் முகமாக விழுந்தால் பன்னிரண்டு. வீட்டில் தாயம் ஆடும்போது குதிப்பீர்களே, அந்தப் பன்னிரண்டு இங்கே கெட்டது. மை வழியும், தடவினவருக்கு ஒரு கறை. மற்ற எண்களுக்கு ஒன்றுமில்லை, புள்ளி பதியும்.

மொத்தம் 16 விதமாக விழலாம். அதில் பன்னிரண்டு ஒரே ஒரு விதம், தாயம் இரண்டு விதம். பதினாறில் ஒன்றுதானே என்று அலட்சியப்படுத்துகிறார்கள். ஒன்பது தடவை உருட்டினால் ஒரு தடவைகூடப் பன்னிரண்டு விழாமல் தப்பிக்கும் வாய்ப்பு நூற்றுக்கு 56 தான். இதைச் சொன்ன பிறகு ஒரு கணக்கு வாத்தியார் ஒன்பது துளியில் ஐந்தை மட்டும் செலவழித்துவிட்டுத் திரும்பினார். இதெல்லாம் கட்டை நேர்மையாக இருந்தால். எங்கள் கட்டை முனீஸ்வரன் கோயில் தெருப் பழைய சாமான் கடையில் வாங்கியது. எத்தனை கை தேய்த்ததோ, அதற்கு மூன்றின் மேல் ஒரு தனிப் பிரியம்.

மூணு கறை பட்டா செத்துருவோமா?

சாவது இல்லை. முதல் கறையில் அந்த விரல் மரத்துப்போகும், மடங்காது. இரண்டாவதில் திசை தெரியாது. மேலாள் வலது என்று சொன்னால் நீங்கள் இடது பக்கம் திரும்ப வேண்டும். மூன்றாவதில் நீங்கள் நின்ற இடத்திலேயே நிலையாகிவிடுவீர்கள். மரம், வேலைப்பாடு, மேலே கஜலட்சுமி, எல்லாம் உண்டு. அதற்குப் பிறகு உங்கள் வழியாக ஆட்கள் நடந்து போகலாம்.

ஏழாங்கட்டுக்குள் போகிற வழியெல்லாம் பார்த்த நிலைகள் யார் என்று இப்போது தெரியும். பேர் காரணம் கேட்டவர்களுக்கு மீதிப் பதில் இது. கறை அடுத்த ஆட்டத்துக்கும் கூடவே வரும், தானாக அழியாது. சராசரியாக 48 உருட்டலுக்கு மூன்று கறை. ஒரே ஆள் எல்லாத் துளியும் தடவினால் ஐந்தாறு பயணம்.

கையுறை போட்டுக்கிட்டா?

போட்டுக்கொள்ளுங்கள். கையுறை நிலையாகும், உங்களோடு சேர்ந்து.

நிலையா நிக்கிற ஆளைத் திரும்பக் கூட்டிட்டு வர முடியுமா?

முடியும். இந்த ஆட்டம் நடப்பதே இந்தக் கேள்விக்காகத்தான் என்பேன். ஓலையில் கீறல் அழியாது, ஆனால் கீறலுக்குள் இருக்கும் மையை எண்ணெய் தொட்ட துணியால் துடைத்து எடுக்கலாம். அந்த ஆள் நிலையானபோது எந்தப் புள்ளியில் மை தடவினாரோ, அந்தப் புள்ளியைத் துடைத்தால் அவர் விடுபடுவார், ஒரு கறையும் குறையும். துடைக்கும்போதும் கட்டை உருட்ட வேண்டும், பன்னிரண்டு விழுந்தால் துடைத்தவருக்குக் கறை.

விலை என்னவென்றால், அந்தப் புள்ளியைத் தொட்டு நிற்கும் முக்கோணமெல்லாம் அவிழ்ந்துவிடும். வரிசையின் கடைசிப் புள்ளி என்றால் ஒரு முக்கோணத்தோடு போகும். நடுப்புள்ளி என்றால் மூன்று. அந்த மூன்றுக்குள் அப்போது யார் நிற்கிறார்கள் என்பதையும் பார்க்க வேண்டும்.

போன மே மாதம் எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒன்று அடுத்தாளாக ஆடி நடுப்புள்ளி ஒன்றில் நிலையாகிவிட்டது. நிலையானவர் பேசக் கூடாது என்பது விதி. அது உதட்டை இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. மேலாளாக ஆடியவர் அதன் சொந்தச் சித்தப்பா. "மூணு முக்கோணம் போயிடும்ப்பா, இன்னும் ரெண்டு அறைதான் பாக்கி, போய்ப் பார்த்துட்டு வந்து துடைப்போம்" என்றார். பெட்டியடிப் பையன் ஒன்றும் சொல்லாமல் எண்ணெய்க் கிண்ணத்தை ஓலைப் பக்கம் தள்ளினான். பத்து நிமிஷம் யாரும் பேசவில்லை. கடைசியில் சித்தப்பா துடைத்தார். பிள்ளை வாயைத் திறந்ததும் சொன்ன முதல் வார்த்தை: "ரெண்டு அறைக்காக யோசிச்சீங்கள்ல?"

மேப்பை முன்னாடியே போன்ல போட்டோ எடுத்து வச்சுக்கிட்டா? துடைச்சாலும் வழி தெரியுமே?

இதைக் கேட்பவர்கள் எல்லாம் கம்ப்யூட்டர் படித்தவர்கள். போட்டோவில் கீறல் இருக்கும், மை இருக்காது. மூல ஓலையைத் துடைத்த நிமிஷமே உங்கள் போட்டோ பொய்யாகிவிடும். அதைவிட மோசம், பார்க்க உண்மை மாதிரியே இருக்கும். போட்டோவை நம்பிப் போன ஒரு கூட்டம் கிணற்றுக்குள் இறங்கியது.

சரி, நிறுத்தின அறையோட ஆட்டம் எங்க போகுது? காணாமலா போகும்?

நல்ல கேள்வி, ரொம்ப நாள் யாரும் கேட்கவில்லை. காணாமல் போகாது. கோதுமை மாவை ஒரு பக்கம் அமுக்கினால் மறுபக்கம் பிதுங்குமே, அப்படி வெளியே தள்ளப்படும். நீங்கள் முக்கோணம் போடப் போட, அதன் ஓரத்து அறைகள் முன்பைவிட வேகமாக ஆடும். மூன்று முக்கோணத்துக்கு ஒரு முறை வெளியே ஓர் அறை அடியோடு காணாமல் போகும். ஏழு முக்கோணமும் போட்டால் இரண்டு அறை போச்சு. எந்த அறை என்பதை நான் சீட்டு எடுத்துப் பார்ப்பேன். நீங்கள் தேடி வந்த அறையாகவும் இருக்கலாம்.

அப்ப முதல் துளியை நம்ம பின்வாசல்லயே வச்சுட்டா? திரும்பி வர வழி போகாதே?

புத்திசாலித்தனமாகத்தான் தெரியும். வைத்தால் பின்வாசல் நிலைத்துவிடும், சரி. ஆனால் ஏழாங்கட்டைப் பார்த்தபடி நிலைத்துவிடும், பகலிலும்கூட. பாத்திரம் விளக்கப் பின்பக்கம் போகிறவர் அங்கே போய் நிற்பார். மேலே சொன்ன பிதுங்கலுக்கும் இப்போது வீட்டுக்குள் வர வழி கிடைத்துவிடும்.

ஒரு கூட்டம் இதைச் செய்தது. அடுத்த மூன்று ஆட்டமும் அப்பத்தாவுடைய அடுப்படியைத் தேடுவதிலேயே போயிற்று. ஒருநாள் மாடியில் இருந்தது, ஒருநாள் முகப்பில். அப்பத்தாவுக்கு இந்தக் கதை மட்டும் ரொம்பப் பிடித்துவிட்டது. கடைசியில் வெள்ளைப் பணியார வாசனையை வைத்து அவர்தான் கண்டுபிடித்துக் கொடுத்தார்.

துளியைத் திருடி வச்சுக்கிட்டு வெளியில வந்து பயன்படுத்தலாமா?

ஐந்தொகையில் இடிக்கும் என்று முன்பே சொன்னேன். ஒருவன் ஒரு துளியை ஒளித்து வைத்து, வெளியே வந்ததும் தன் வீட்டை ஓலையில் கீறித் தடவினான். பங்காளிகள் வீட்டை விற்கப் பேசிக்கொண்டிருந்தார்களாம், கதையில். வீடு நின்றுவிட்டது: விற்க முடியவில்லை, பூட்ட முடியவில்லை, காரை பெயர்ந்ததைப் பூசவும் முடியவில்லை, கல்யாணத்துக்குப் பந்தல் போடவும் முடியவில்லை. நான் விதி எதுவும் சேர்க்கவில்லை. அவனே அடுத்த ஆட்டத்துக்கு எண்ணெயோடு வந்தான்.

துளியே செலவழிக்காம திரும்பினா தோத்ததா அர்த்தமா?

இல்லை. வெறும் கீறலை மட்டும் வைத்துக்கொண்டு, விளக்கு அணைவதற்குள் போய் வருகிறவர்கள் உண்டு. கஷ்டம்தான், அறை மாறுவதற்குள் ஞாபகம் வைத்து ஓட வேண்டும். ஆனால் கறை கிடையாது, பிதுங்கல் கிடையாது. எங்களில் மூத்த ஆட்டக்காரர்கள் இப்போது இரண்டு மூன்று துளிக்கு மேல் தொடுவதில்லை. அவர்களுக்குக் கதை சொல்வதுதான் எனக்குக் கஷ்டம்.

எங்க ஊர்ல இந்த மாதிரி வீடே இல்லை. அங்க ஆடலாமா?

தாராளமாக. மதுரையில் ஒரு தங்கச்சி அடுக்குமாடிக் குடியிருப்பை வைத்து ஆடுகிறாள், அங்கே ஏழாங்கட்டு என்பது லிஃப்டில் இல்லாத ஒரு மாடி. உங்கள் ஊரில் கதவுக்கு மேல் கதவு எங்கே இருக்கிறதோ அதை எடுத்துக்கொள்ளுங்கள். தாயக்கட்டை, ஓலை, கரி, எண்ணெய், இவை மட்டும் மாறக் கூடாது. ஓலை கிடைக்காவிட்டால் கொட்டான் என்ற ஓலைக்கூடை பின்னுகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள், கழித்துப் போட்ட பனையோலைத் துண்டே போதும்.

முழு மேப் யாராவது போட்டு முடிச்சிருக்காங்களா?

கணக்குப்படி முடியாது. கடைசி அறையையும் நிறுத்தினால் உள்ளே ஆட்டம் பிதுங்க இடமே இருக்காது. மிச்சமிருப்பது பின்வாசல் ஒன்றுதான். அதற்கு அப்புறம் என்ன ஆகும் என்று மேலே இருக்கிறது.

ஒரே ஓர் அறை பாக்கி வைத்து நிறுத்திய கூட்டம் ஒன்று உண்டு. பதினோரு ஆட்டம், நான்கு பேர், அதில் இரண்டு பேர் நிலையாக நின்றார்கள். கடைசித் துளிக்குச் சுழி கீறியாகிவிட்டது. மை தொடவில்லை. அன்றைக்கு அதோடு கலைந்தோம், ஓலைக்கட்டை அப்படியே பெட்டகத்தில் வைத்தேன். அடுத்த வாரம் எடுத்துப் பார்த்தால் இரண்டு நடுப்புள்ளிகளில் எண்ணெய்ப் பிசுக்கு. நான்கு பேரில் யார் வந்து துடைத்தது என்று யாரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. ஆனால் விதிப்படி துடைக்கும்போது கட்டை உருட்டியிருக்க வேண்டும். என்ன விழுந்தது என்பதை மட்டும் பேரேட்டில் எழுதிவிடுங்கள், கணக்கு நிற்கிறது.